தங்கவயலும் மணிலாக் கொட்டையும்

சென்ற குளிர்காலத்தில் டில்லியிலுள்ள நம் இல்லத்திற்கு மலேசியத் தமிழர் ஒருவர் விருந்தினராக வந்திருந்தார். சிலாங்கூர் மாநிலத்துக் காஜாங்கில் பிறந்து வளர்ந்தவர். பால்மரத் தோட்டத் தொழிலாளி ஒருவரின் பேரர். அன்று ஞாயிற்றுக்கிழமை. மொட்டை மாடியில் குமுட்டி அடுப்பை மூட்டி, மசாலையில் ஊறவைத்த கோழித் துண்டுகளைக் கம்பியிற் கோத்துச் சுட்டோம். வறுத்தரைத்த வேர்க்கடலைத் துவையலைச் சற்றே நீர்விட்டுத் தளர்த்தி உடன் வைத்தோம். கோலார் தங்கவயலில் நம் பாட்டியார் செய்துவந்த முறை இது. விருந்தினர் ஒரு துண்டைத் துவையலில் தோய்த்து உண்டார். உடனே நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ஐயா, இது எங்கள் ஊர்ச் சத்தே அல்லவா! சத்தே என்பதே தமிழ்ச் சொல்தான். நம்முடைய சதையைத்தான் மலாய்க்காரர் சத்தே என்கிறார்கள். ஒன்று, இங்கிருந்து அங்கே போயிருக்க வேண்டும், அல்லது அங்கிருந்து உங்கள் தங்கவயலுக்கு வந்திருக்க வேண்டும்" என்றார்.

அவருடைய மகிழ்ச்சியைக் கெடுக்க நமக்கு மனம் வரவில்லை. ஆயினும் நாம் பல ஆண்டுகளாக மத்திய அரசின் மொழிபெயர்ப்புப் பணியில் இருப்பவர்கள். ஓசை ஒத்த இரு சொற்களைக் கண்டதும் உறவு கொண்டாடுவது எத்துணை ஆபத்தானது என்பதை நாள்தோறும் கண்டு வருகிறோம். மேலும், இந்தக் கேள்வி நம் குடும்பத்தில் ஏற்கெனவே ஒரு முறை எழுந்த கேள்வி. ஆகவே அன்று இரவு விருந்தினர் உறங்கச் சென்ற பின்னர், இதனை முறையாக ஆராய்ந்து பார்ப்பது என்று முடிவு செய்தோம். அவ்வாறு ஆராய்ந்ததையே நேயர்களுக்கு இங்கே கூற விரும்புகிறோம்.

முதலில் சத்தே இன்னதென்று அறியாதவர்களுக்குச் சில சொற்கள். கோழி, ஆடு, மாடு ஆகியவற்றின் இறைச்சியைச் சிறு துண்டுகளாக நறுக்கி, மஞ்சள், கொத்தமல்லி விதை, சின்ன வெங்காயம், எலுமிச்சைப்புல், சிறிது சர்க்கரை ஆகியவற்றை அரைத்துப் பூசி ஊறவைப்பர். பின்னர் தென்னை ஈர்க்கிலோ மூங்கிற் குச்சியிலோ கோத்து, கரி நெருப்பில் விசிறியால் விசிறிச் சுடுவர். வறுத்த வேர்க்கடலையை மிளகாய், பேரரத்தை, புளி, வெல்லம், தேங்காய்ப்பால் முதலியவற்றோடு சேர்த்துக் காய்ச்சிய கெட்டியான குழம்பில் அதனைத் தோய்த்து உண்பர். வெள்ளரித் துண்டும், பச்சை வெங்காயமும், தென்னங்குருத்துக் கூட்டில் அடைத்து அவித்த சோற்றுக் கட்டியும் உடன் இருக்கும். இதன் தாயகம் ஜாவா என்பது பலரும் ஒப்பிய கருத்து. அரபு நாட்டிலிருந்தும் இந்தியாவிலிருந்தும் சென்ற முஸ்லிம் வணிகர்களின் கபாபைக் கண்டு, 19-ஆம் நூற்றாண்டளவில் ஜாவாவின் தெரு வணிகர்கள் இதனை உருவாக்கினர் என்று கூறுவர். அங்கிருந்து அது மலாயாவிற்கும் சிங்கப்பூருக்கும் பரவியது. சிங்கப்பூரில் கடற்கரையோரத்துச் சத்தே கடைகள் ஒரு காலத்தில் பெரும்புகழ் பெற்றிருந்தன; அவை 1995-இல் அகற்றப்பட்டன. காஜாங்கின் பெயரோ இன்றும் சத்தேயோடு இணைந்தே வழங்குகிறது.

இனிச் சொல்லாராய்ச்சிக்கு வருவோம். மலாய் மொழி தமிழிலிருந்து சொற்களைக் கடன் பெற்றிருப்பது உண்மை. அதில் ஐயத்திற்கு இடமில்லை. நம் கடை அங்கே 'கெடாய்' ஆயிற்று. கப்பல் 'காப்பால்' ஆயிற்று. மாம்பழம் 'மெம்பெலம்' ஆயிற்று. சுருட்டு 'செருத்து' ஆயிற்று. ஆப்பம் 'ஆப்பம்' ஆகவே நின்றது. இந்த வரிசையில் சதை 'சத்தே' ஆவதில் ஒலியளவில் தடை ஒன்றும் இல்லை. ஆங்கிலப் பேரகராதியும் இத்தொடர்பைக் குறிப்பிடுகிறது. ஆனால், 'ஒருவேளை' என்ற ஐயச் சொல்லோடுதான் குறிப்பிடுகிறது. சீனர்களோ அச்சொல் தங்கள் ஹொக்கியன் மொழியில் 'மூன்று துண்டு' என்னும் பொருள்படும் தொடரிலிருந்து வந்தது என்பர். ஆளுக்கொரு வேர்ச்சொல் காட்டுவதே சுவையான உணவுகளின் தலைவிதி போலும்!

நமக்கு ஒரு தடை தோன்றுகிறது. தமிழ் வணிகர்கள் இவ்வுணவைக் கொண்டு சென்றிருப்பின், உணவின் பெயரையும் கொண்டு சென்றிருப்பர். தமிழ் முஸ்லிம்கள் கம்பியிற் சுட்ட இறைச்சியைக் கபாப் என்றே வழங்குகின்றனர். சதை என்று வழங்குவதில்லை. சதை என்பது உண்பொருளின் பெயர் அன்று. உடலின் ஒரு பகுதியைக் குறிக்கும் பெயர். கசாப்புக் கடைப் பேரத்தில் அச்சொல் புழங்கலாம். அங்கிருந்து அது துறைமுகத் தெருவிற்கு ஏறியிருக்கவும் கூடும். ஆகவே சொல் நம்முடையதாக இருக்கலாம் என்பதற்கு மேல் ஒன்றும் சொல்ல நாம் துணிய மாட்டோம். சொல் நம்முடையதே ஆயினும், சமையல் நம்முடையதாகி விடாது. ஆங்கிலேயர் சுருட்டைச் 'செரூட்' என்றதனால், புகையிலை தமிழ்நாட்டில் தோன்றிற்று என்று யாரும் வாதிடுவதில்லை அன்றோ?

இறைச்சியைக் கம்பியிற் கோத்துச் சுடும் வழக்கம் நம்மிடையே தொன்மையானது. பொருநராற்றுப்படையைப் பாடிய முடத்தாமக்கண்ணியார், கரிகாற் சோழன் அரண்மனையில் பொருநர்க்குக் கிடைத்த விருந்தைக் கூறுமிடத்து, இரும்புக் கம்பியிற் சுட்ட கொழுத்த இறைச்சியைப் பேசுகிறார். அக்கம்பிக்கு அவர் வழங்கும் பெயர் 'காழ்'. இந்த அருமையான சொல் இன்று வழக்கொழிந்து விட்டது, மீட்டெடுக்கத்தக்கது. கன்னட நாட்டுப் பக்கம் நோக்கின், கலியாணத்திலிருந்து ஆண்ட சாளுக்கிய வேந்தன் மூன்றாம் சோமேசுவரன் 12-ஆம் நூற்றாண்டில் இயற்றிய 'மானசோல்லாசம்' என்னும் வடமொழி நூலில், கரி நெருப்பில் சுடும் இறைச்சி வகைகள் விரிவாகக் கூறப்பட்டுள்ளன. நெருப்பும் கூர்மையான குச்சியும் உள்ள இடமெல்லாம் மனிதன் இதைச் செய்திருக்கிறான். இதற்குக் காப்புரிமை கோருவது வீண்.

கோழியும் அவ்வாறே. நம் முருகன் கொடியில் நிற்பதனால் அது நம் பறவை என்று எண்ணிவிடுகிறோம். காட்டுக்கோழி நம் காடுகளிலும் உண்டு. ஆயினும் வீட்டுக்கோழியின் மிகப் பழைய எலும்புகள் மத்திய தாய்லாந்தில், நெல்லும் தினையும் விளைந்த சிற்றூர் ஒன்றில் கிடைத்தவை என்று 2022-இல் வெளியான ஓர் ஆய்வு கூறுகிறது. அவை ஏறத்தாழ 3,500 ஆண்டுகளுக்கு முற்பட்டவை. ஆகக் கோழியும் நமக்குக் கீழ்த்திசையிலிருந்து வந்த விருந்தாளியே.

ஆனால் நம்மை உண்மையில் ஈர்த்தது கோழியன்று, கொட்டைதான்.

அலுவலகத்தில் விளைபொருள் விலை பற்றிய அறிவிப்புகளை மொழிபெயர்க்கும்போதெல்லாம் நாம் 'நிலக்கடலை' என்று எழுதுகிறோம். அரசுத் தமிழில் அதுவே வழக்கு. சென்னையில் வேர்க்கடலை என்பர். கொங்கு நாட்டில் கடலைக்காய் என்பர். வீட்டில் நம் பாட்டியார் வாயில் அது 'மல்லாட்டை'. பழைய வட ஆர்க்காடு, தென் ஆர்க்காடு மாவட்டப் பகுதிகளில் இன்றும் முதியோர் மல்லாட்டை என்றும், மல்லாக்கொட்டை என்றும் வழங்குவதைக் கேட்கலாம். இது மணிலாக் கொட்டை என்பதன் சிதைவு. பிலிப்பைன்சு நாட்டுத் தலைநகரின் பெயர் பாலாற்றங்கரைப் பாட்டியின் நாவில் குடியேறியிருக்கிறது. அவர் மணிலாவைக் கேள்விப்பட்டிருக்கவே மாட்டார்!

நிலக்கடலையின் பிறப்பிடம் தென் அமெரிக்கா. இன்றைய பொலிவியா, அர்ஜென்டினா நாடுகளை ஒட்டிய பகுதியில் அது முதன்முதல் பயிராக்கப்பட்டது. ஸ்பானியர் 1565 முதல் 1815 வரை, மெக்சிகோவின் அக்கபுல்கோவிற்கும் மணிலாவிற்கும் இடையே பசிபிக் பெருங்கடலைக் கடந்து பெருங்கப்பல்களைச் செலுத்தி வந்தனர். வெள்ளி மேற்கிலிருந்து சென்றது; பட்டும் பீங்கானும் கிழக்கிலிருந்து வந்தன; அவற்றோடு விதைகளும் பயணம் செய்தன. கிழக்காசியக் கரைகளில் நிலக்கடலை இறங்கிய வழிகளில் இது ஒன்று. மற்றொரு பக்கம் போர்ச்சுகீசியர் அதனை ஆப்பிரிக்காவிற்குக் கொண்டு சென்றனர். 1510-இல் கோவாவையும், 1511-இல் மலாக்காவையும் கைப்பற்றிய அவர்களே மிளகாயையும் நம் கடற்கரைக்குக் கொண்டு வந்தவர்கள். நம் நாட்டிற்குள் நிலக்கடலை ஒரே வாயிலின் வழியாக வந்தது என்று நாம் கூறவில்லை. மல்லாட்டை என்னும் பெயர் ஒரு வாயிலைச் சுட்டிக் காட்டுகிறது, அவ்வளவே.

வந்த கொட்டை நெடுங்காலம் எளிய பயிராகவே இருந்தது. 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலிருந்து பிரெஞ்சு நாட்டு மார்செய் நகரத்துச் சவர்க்கார ஆலைகளுக்கு எண்ணெய் தேவைப்பட்டது. புதுச்சேரித் துறைமுகத்தின் வழியே தென் ஆர்க்காட்டு மல்லாட்டை மூட்டை மூட்டையாக ஏற்றுமதியாகியது. புன்செய் நிலத்தில் கேழ்வரகும் கம்பும் விளைந்த இடங்களில் அது இடம் பிடித்தது. திண்டிவனத்து எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தில் உருவாகி 1940-இல் வெளியிடப்பட்ட டி.எம்.வி. 2 என்னும் குட்டை வகை, தமிழ்நாட்டில் மட்டுமன்றிக் கருநாடகத்திலும் ஆந்திரத்திலும் பல்லாண்டுகள் உழவர்களின் முதல் தேர்வாக விளங்கியது. பெங்களூர் பசவனகுடியில் கார்த்திகை மாதத்துக் கடைசித் திங்கட்கிழமையன்று நடைபெறும் கடலைக்காய்ப் பரிசையைக் கண்டவர்கள், இந்த அமெரிக்க விதையை நம் மக்கள் நந்தி பெருமானுக்கே காணிக்கையாக்கி விட்டதை அறிவர். தங்கவயலிலிருந்து தொடர்வண்டி ஏறி அந்தத் திருவிழாவிற்குச் சென்று, துணிப்பை நிறையப் பச்சைக்காய் வாங்கி வந்த நாட்கள் நமக்கு நினைவிருக்கின்றன.

தங்கவயலின் கதையை நேயர்களுள் பலர் அறிந்திருக்கலாம். ஆதலின் சுருக்கமாகவே கூறுவோம். 1802-இல் மைசூர் எல்லையை அளந்து வந்த லெப்டினன்ட் ஜான் வாரன், மாரிக்குப்பத்தை அடுத்த ஊர்களில் மக்கள் மண்ணைக் கழுவிப் பொன் எடுப்பதைக் கண்டு எழுதி வைத்தார். 1870-களில் மைக்கேல் லவெல் என்னும் ஓய்வுபெற்ற அயர்லாந்துப் படைவீரர் அகழும் உரிமையை அரசினரிடம் பெற்றார். 1880-இல் ஜான் டெய்லர் நிறுவனத்தார் பொறுப்பேற்றனர். 1902-இல், ஏறத்தாழ 147 கிலோமீட்டர் தொலைவிலுள்ள சிவசமுத்திரத்திலிருந்து காவிரியின் மின்சாரம் வந்தது. சாம்பியன் ரீஃப் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்கியது. அந்த ஆழத்தில் பாறையே கொதித்தது. 1956-இல் மைசூர் அரசும், 1962-இல் மத்திய அரசும் சுரங்கங்களை ஏற்றன. 2001 பிப்ரவரி 28-ஆம் நாள் அவை மூடப்பட்டன. ஏறத்தாழ 120 ஆண்டுகளில் 800 டன்னுக்கும் மேற்பட்ட பொன் வெளிவந்தது. வெளியேறிய பொன் போக, சயனைடு கலந்த மணல் மேடுகள் ஊர் நடுவே மலைகள் போல் எஞ்சி நிற்கின்றன.

அந்தப் பாறையைக் குடைந்தவர்கள் யாவர்? வட ஆர்க்காடு, சேலம், சித்தூர் மாவட்டங்களிலிருந்தும் கோலார்ச் சிற்றூர்களிலிருந்தும் வந்த ஏழை மக்கள். அவர்களுள் பெரும்பாலோர் ஊரில் நிலமற்றவர்கள், சேரியில் ஒதுக்கப்பட்டவர்கள். 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கப் பகுதியில் 20,000-க்கும் மேற்பட்டோர் வேலை செய்தனர். மூங்கில் தட்டி வேய்ந்த குடிசை வரிசைகளில் தங்கினர். சுரங்கத்திலிருந்து மேலேறி வந்ததும் உடல் சோதனை. அதன் பின்னரே வீடு. 1930-இல் கைரேகை பதிவு செய்ய வேண்டும் என்ற ஆணையை எதிர்த்து அவர்கள் வேலை நிறுத்தம் செய்தது தென்னாட்டுத் தொழிலாளர் வரலாற்றில் குறிக்கத்தக்கது. குற்றவாளிக்குச் செய்வதை உழைப்பாளிக்குச் செய்வதா என்பது அவர்கள் கேட்ட கேள்வி.

இங்கே ஒரு செய்தியைச் சொல்லாமல் இருக்க இயலவில்லை. நந்திமலையில் தோன்றும் பாலாறு, தங்கவயலை அடுத்த பேத்தமங்கலம் ஏரியை நிரப்பிவிட்டுத்தான் தமிழ்நாட்டிற்குள் நுழைகிறது. வாணியம்பாடி, ஆம்பூர், வேலூர் என்று அது செல்லும் ஊர்களே தங்கவயலுக்கு ஆட்களை அனுப்பிய ஊர்கள். பேத்தமங்கலத்துத் தண்ணீரே தங்கவயலின் குடிநீர். ஆகவே ஆம்பூர்ப் பக்கத்திலிருந்து வேறு சமஸ்தானத்திற்குப் போன நம் பாட்டனார், தம் ஊர் ஆற்றின் மேற்பகுதி நீரையே வாழ்நாள் முழுதும் குடித்தார். ஊரில் அந்த ஆறு பெரும்பாலான மாதங்களில் வறண்டு கிடந்தது.

அதே ஊர்களிலிருந்து மற்றொரு பாதையும் பிரிந்தது. மேஸ்திரி தங்கவயலுக்கு ஆள் சேர்த்தார். கங்காணி மலாயாவிற்கு ஆள் சேர்த்தார். வட ஆர்க்காடு, சேலம், திருச்சி, தஞ்சை மாவட்டங்கள் மலாயாவின் பால்மரத் தோட்டங்களுக்கு ஆட்களை அனுப்பியவை. ஒரே வீட்டில் அண்ணன் தரைக்குள் இறங்குவதும், தம்பி கடல் கடப்பதும் வியப்பன்று. நம் வீட்டில் அதுவே நடந்தது. பாட்டனார் மேஸ்திரியோடு சாம்பியன் ரீஃபிற்கு வந்தார். அவர் தம்பி 1936-இல் சென்னைத் துறைமுகத்தில் கப்பலேறினார். 1938-இல் தோட்டத் தொழிலாளரை அவ்வாறு அனுப்புவதை இந்திய அரசு தடை செய்தது. இரண்டு ஆண்டுகள் தாமதித்திருந்தால் அவரும் தங்கவயலுக்கே வந்திருப்பார்.

அவரிடமிருந்து வந்த கடிதங்களுள் ஒன்று நம் பாட்டியாரின் தகரப் பெட்டியில் நெடுநாள் இருந்தது. அவருக்கு எழுதத் தெரியாது. தோட்டத்துக் கிராணி எழுதிக் கொடுத்தது. பாட்டியாருக்குப் படிக்கத் தெரியாது. பிறர் படிக்கக் கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்திருந்தார். அதில் ஓரிடத்தில், இங்குள்ளவர்கள் தென்னை ஈர்க்கில் இறைச்சியைக் கோத்துச் சுடுகிறார்கள். மல்லாட்டை அரைத்த குழம்பு ஊற்றித் தின்கிறார்கள். அண்ணி அரைக்கும் துவையல் போலவே இருக்கிறது, ஆனால் இனிக்கிறது என்று எழுதப்பட்டிருந்ததாம். இந்த இடம் வரும்போதெல்லாம் பாட்டியார், "மல்லாட்டைத் தொவையல்ல யாராச்சும் வெல்லம் போடுவாங்களா?" என்று கேட்பார். கடலை உருண்டையில் போடுகிறோமே என்று நாம் சொன்னால், "அது உருண்டை, இது தொவையல்" என்று முடித்துவிடுவார்.

1941 டிசம்பரில் ஜப்பானியர் மலாயாவில் இறங்கினர். அதன் பின்னர் கடிதம் வரவில்லை. 1942-43-இல் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே ஜப்பானியர் அமைத்த இருப்புப் பாதைக்குத் தோட்டங்களிலிருந்து கொண்டு செல்லப்பட்ட தமிழர்களுள் பல்லாயிரவர் காலராவிலும் பட்டினியிலும் மடிந்தனர். சின்னத் தாத்தா அவர்களுள் ஒருவர் என்றே வீட்டில் எல்லாரும் கருதினர். பாட்டனார் மட்டும் ஒருபோதும் அதை வாயால் சொன்னதில்லை.

நாம் சிறு பிராயத்தில், நம் வீட்டுச் சுட்ட கோழி சின்னத் தாத்தா மலாயாவிலிருந்து எழுதியனுப்பிய சமையல் என்று நம்பியிருந்தோம். பள்ளித் தோழர்களிடம் அவ்வாறே பெருமை பேசியதும் உண்டு. கடல் கடந்து காணாமற்போன ஒருவர் விட்டுச் சென்ற ஒரே பொருள் அது என்று எண்ணுவதில் ஒருவகை நிறைவு இருந்தது. ஆனால் கடிதத்தின் சொற்களை இப்போது நிதானமாக எண்ணிப் பார்க்கையில், அது நேர்மாறாகவன்றோ கூறுகிறது! அவர் அங்கே கண்டதை, இங்கே தாம் உண்டதோடு ஒப்பிட்டார். துவையல் அவர் கப்பலேறுமுன்பே இருந்தது. அவர் எதையும் அனுப்பவில்லை. தமக்குத் தெரிந்த ஒன்றை அயலூரில் அடையாளம் கண்டுகொண்டார்.

இங்கே துவையலின் பூர்விகத்தையும் பார்த்துவிட வேண்டும். ஆம்பூர் பிரியாணியோடு தரப்படும் கத்தரிக்காய்த் தொக்கை உண்டவர்கள், அதில் வேர்க்கடலையும் எள்ளும் வறுத்தரைத்துச் சேர்க்கப்படுவதை அறிவர். ஐதராபாத்தின் மிளகாய்ச் சாலனிலும் இந்தச் சேர்க்கை உண்டு. தக்காணத்தின் வறண்ட நிலமெங்கும், தேங்காய் அரிதாகவும் வேர்க்கடலை எளிதாகவும் கிடைத்த ஊர்களில், குழம்பைக் கெட்டியாக்கும் வேலையைக் கொட்டை ஏற்றுக்கொண்டது. மலாய்க்காரருக்குத் தேங்காய்ப்பால் உண்டு. ஆகவே அவர்கள் கொட்டையை அதில் காய்ச்சினர். நம் மக்களுக்குப் புளியும் பூண்டும் காய்ந்த மிளகாயும் இருந்தன. அவற்றோடு அம்மியில் அரைத்தனர். மணிலாவிலிருந்தோ வேறெங்கிருந்தோ வந்த ஒரே கொட்டையை, எங்கும் இருந்த ஒரே வகை நெருப்போடு இரு கரையினரும் சேர்த்தனர். இந்த ஒற்றுமைக்கு இடையே கப்பல் ஒன்றை ஓட்டிக் காட்ட வேண்டிய தேவையில்லை. நம் விருந்தினர் கூறிய இரண்டு வழிகளுமே இல்லை என்பது நம் துணிபு.

தங்கவயலில் சுடுகின்ற சமையலுக்கு வேறு அயலாரும் இருந்தனர். கார்ன்வால் நாட்டிலிருந்து வந்த ஆங்கிலேயச் சுரங்கத் தொழிலர், இத்தாலியர், ஆங்கிலோ-இந்தியர் ஆகியோர் அங்கு வாழ்ந்தனர். 'சின்ன இங்கிலாந்து' என்றே அவ்வூருக்குப் பெயர். தங்கவயலில் பிறந்த பிரிட்ஜெட் ஒயிட்-குமார் அம்மையார், ஆங்கிலோ-இந்தியச் சமையலைப் பல நூல்களாக எழுதி வைத்திருக்கிறார், பாராட்டத்தக்க பணி. பங்களாக்களின் உணவு இவ்வாறு ஏட்டில் ஏறியது. தொழிலாளர் லயன்களின் உணவு அவ்வாறு ஏறவில்லை. அதைச் சமைத்தவர்களுக்கு எழுத்தறிவில்லை. எழுத்தறிந்த பிள்ளைகளாகிய நாமோ வேலை தேடி வெளியேறி விட்டோம். இன்று தங்கவயலில் எஞ்சியிருப்போருள் ஆயிரக்கணக்கானோர் நாள்தோறும் விடியுமுன் மாரிக்குப்பத்திலிருந்து தொடர்வண்டி ஏறிப் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று இரவில் திரும்புகின்றனர். அவர்களுக்கு அம்மி ஏது, நேரம் ஏது?

ஆகவே நம் பாட்டியார் செய்த முறையை இங்கே எழுதி வைக்கிறோம். தட்டி வீட்டின் பின்புறம் வளர்ந்த நாட்டுக்கோழியின் இளங்கோழி ஒன்று. எலும்பு நீக்கிய துண்டுகளில் உப்பு, மஞ்சள், இஞ்சி, பூண்டு, சிறிது மிளகு, எலுமிச்சைச் சாறு ஆகியவற்றை அரைத்துப் பூசி, மூடி வைப்பார். பாட்டனார் காலை ஷிப்டுக்கு இறங்கும்போது பூசினால், மேலேறி வரும்போது பதமாக இருக்கும். கம்பிகளுக்கு நம் தந்தையார் பழைய மிதிவண்டிச் சக்கரக் கம்பிகளைச் சாம்பலிட்டுத் துலக்கி வைத்திருந்தார்; முடத்தாமக்கண்ணியார் கண்டிருந்தால் அதனையும் காழ் என்றே கூறியிருப்பார். கரி கனன்று மேலே சாம்பல் பூத்த பிறகே கோழியை வைக்க வேண்டும். தழல் எழும்போது வைத்தால் புறம் கருகி அகம் வேகாது. நல்லெண்ணெயில் வாழைமட்டையைத் தோய்த்து இடையிடையே தடவுவார்.

துவையலுக்குக் கொட்டையை வெறுஞ்சட்டியில் மெல்ல வறுத்துத் தோலை ஊதிவிட வேண்டும். ஒரு கைப்பிடிக் கொட்டைக்கு நான்கு காய்ந்த மிளகாய், மூன்று பல் பூண்டு, நெல்லிக்காய் அளவிற்கும் குறைந்த புளி, உப்பு. மிளகாயையும் உப்பையும் முதலில் அரைத்து, கொட்டையைக் கடைசியில் சேர்க்க வேண்டும். முன்னரே சேர்த்தால் எண்ணெய் விட்டுக் களி போலாகும். மின் அரைவையில் அரைப்போர் நிறுத்தி நிறுத்தி அரைப்பது நலம். சோற்றுக்குக் கெட்டியாகவும், கோழிக்குக் கொதிநீர் விட்டுத் தளர்வாகவும் எடுப்பார். வடநாட்டில் வாழும் நேயர்களுக்கு ஒரு குறிப்பு: குளிர்காலத்தில் தெருமுனைகளில் மணலில் வறுத்து விற்கும் மூங்பலி இதற்கு மிகவும் ஏற்றது, வறுக்கும் வேலையும் மிச்சம்.

இந்த முடிபுகளையெல்லாம் விருந்தினருக்கு மறுநாட் காலையில் கூறினோம். சொல் விஷயத்தில் அவர் நம்மோடு உடன்படவில்லை. சதைதான் சத்தே என்பதில் உறுதியாக நின்றார். சின்னத் தாத்தாவைப் பற்றிக் கூறியபோது மட்டும் நெடுநேரம் பேசாதிருந்தார். தம் குடும்பத்திலும் சயாமுக்குப் போனவர் ஒருவர் உண்டு என்றார்.

ஊர் திரும்பிய பின்னர் காஜாங்கிலிருந்து அவர் நமக்கு எழுதினார். தம் தாயாரிடம் விசாரித்தாராம். வந்தவாசிப் பக்கத்திலிருந்து சென்ற அவருடைய பாட்டியார் இறுதிவரை அந்தக் கொட்டையைக் 'காச்சாங்' என்று சொல்ல மறுத்து, மல்லாட்டை என்றே வழங்கினாராம். வீட்டில் அதை அம்மியில் துவையலாக அரைத்ததும் உண்டாம். நாம் கேட்கச் சொல்லியிருந்த மற்றொரு கேள்விக்கும் கடைசி வரியில் விடை எழுதியிருந்தார். வெல்லம் போட்டதில்லையாம்.